கழனியை நான் விற்கவில்லை, அக்கா

கும்மிடிப்பூண்டி பக்கம், நம் ஊர்.
ஆவணி பிறந்த மறுநாள்.

பெரியவளாகப் பிறந்து, என்னை இடுப்பில் தூக்கி வளர்த்த என் அக்கா கங்கம்மாவுக்கு உன் தம்பி துளசிராமன் வணங்கி எழுதிக்கொண்டது. பள்ளிப்பட்டில் நீயும் மாமாவும் பிள்ளைகளும் மாடு கன்றும் சுகமாக இருக்க நம் கங்கையம்மன் துணை இருப்பாள். இங்கே யாவரும் சுகம் என்று எழுதுவதுதான் முறை. பொய் எழுதக் கை வரவில்லை. உடம்புக்கு ஒன்றும் கேடில்லை, சாப்பாட்டுக்கும் குறைவில்லை. நீ என்னோடு பேசாமல் இருக்கிறாய் என்பது ஒன்றுதான் இந்த வீட்டில் இப்போதைக்கு இருக்கிற நோய்.

கைக்குக் கை போன் இருக்கிற காலத்தில் இவன் எதற்குக் கடிதம் எழுதுகிறான் என்று நினைப்பாய். வேறு என்ன செய்யட்டும்? உன் மகன் வசந்தகுமாரைக் கேட்டேன். "அம்மா உன் நம்பர பிளாக் பண்ணிக்கினு கீது மாமா" என்றான். உன் தம்பி பெண்டாட்டி போனில் இருந்து கூப்பிட்டேன், அதற்கும் அதே கதி. கடைசியில் பால்காரர் போனை வாங்கிக் கூப்பிட்டேன். "அக்கா" என்று நான் சொன்ன மாத்திரத்தில் "ராங் நம்பர்" என்று வைத்துவிட்டாய். பிறந்தது முதல் கேட்ட குரல் எப்படி அக்கா ராங் நம்பர் ஆகும்? தபால்காரரிடம் அப்படிச் சொல்ல முடியாது என்றுதான் எழுதுகிறேன். தயவு செய்து நீயே எழுத்துக்கூட்டிப் படி. மாமாவைப் படிக்கச் சொன்னால் நடுநடுவே சொந்தச் சரக்கைச் சேர்ப்பார். வசந்தகுமாரிடம் கொடுக்கவே கொடுக்காதே, அவனைப் பற்றியும் கீழே வருகிறது.

ஆடியில் அம்மனுக்குக் கூழ் ஊற்றினோம். கட்டிக்கொடுத்த பெண்கள் தாய்வீடு வந்து பானை வைக்காமல் நம் தெருவில் கூழ் ஊற்றியது உண்டா? எல்லா வீட்டு அக்கா தங்கச்சிகளும் வந்திருந்தார்கள். உன் பானை இடத்தில் மூன்று செங்கல் மட்டும் அடுப்பு மாதிரி கிடந்தது. ஏதோ ஒரு நாய் அதில் சுகமாகப் படுத்துக்கொண்டது. வராவிட்டாலும் புடவையாவது போகட்டும் என்று மயில் கழுத்து நிறத்தில் எடுத்து அனுப்பினேன். பிரிக்காத பையோடு திரும்பி வந்தது. கூடவே ஒரு சேதியும் வந்தது: "கழனிய வித்தவன் ஊட்டுப் புடவை எனக்கு இன்னாத்துக்கு?" பங்குனியில் இருந்து நீ ஏன் பேசவில்லை என்று எனக்கு விளங்கியதே அன்றைக்குத்தான். அதுவரை உனக்கு ஏதோ முட்டிவலி என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

அக்கா, கழனியை நான் விற்கவில்லை. விற்கப் போவதும் இல்லை. ஏரிக்கரை ஓரத்துப் பள்ளக் கழனியில் ஒரு பிடி மண் இடம் மாறவில்லை, இனியும் மாறாது. அம்மன் சன்னதியில் எரிகிற கற்பூரத்தைத் தொட்டுச் சொல்கிறேன். அப்பா விட்டுப் போன நாளில் எப்படி இருந்ததோ அப்படியே இருக்கிறது. பின்னே உன் கைக்கு வந்த அந்த போட்டோ என்ன என்று கேட்பாய். அதைச் சொல்ல வேண்டுமானால் முதலில் என் மகள் பூமிகா படித்த படிப்பைச் சொல்ல வேண்டும். வினையெல்லாம் அங்கேதான் முளைத்தது.

அவள் கட்டடம் கட்டப் படித்தாள். அதுவரைக்கும் எனக்கும் புரிந்தது, ஊருக்கும் புரிந்தது. அதற்கு மேல் லேண்ட்ஸ்கேப் ஆர்க்கிடெக்சர் என்று ஒன்று படிக்கப் போகிறேன் என்றாள். அது என்னம்மா என்றேன். "கட்டடத்துக்கு வெளிய கீறது எல்லாம் நைனா" என்றாள். கட்டடத்துக்கு வெளியே இருப்பது வெயிலும் காற்றும்தானே, அதற்குக் காலேஜ் எதற்கு என்று கேட்டேன். நீ மட்டும் சும்மா இருந்தாயா? காதுகுத்து விருந்தில் பந்தியில் உட்கார்ந்துகொண்டு, "செடிக்குத் தண்ணி ஊத்தறதுக்கா இம்மாம் படிப்பு?" என்று கேட்டாய். பக்கத்து இலைக்காரருக்குச் சிரித்துப் புரையேறிவிட்டது. பூமிகா கோபித்துக்கொள்ளவில்லை. "செடிக்கு இல்ல அத்தே, தண்ணிக்கு. மழைத் தண்ணி எங்க வருது, எங்க போவணும்னு பாத்து, அதுக்கு ஏத்தாப்ல மரம், ரோடு, ஊடு எல்லாத்தையும் வெக்கறது" என்றாள். நீ, "தண்ணிக்கு வழி தெரியாதா? அதுக்கும் ஒரு ஆளு கையப் புடிச்சி இட்டுக்கினு போவணுமா?" என்று கேட்டுவிட்டு இன்னொரு கரண்டி பாயசம் வாங்கிக்கொண்டாய். அன்றைக்கு நானும் உன் கட்சிதான்.

தண்ணீருக்கு வழி தெரியத்தான் தெரியும். அந்த வழியில் இப்போது சுவர் நிற்கிறது என்பதுதான் பேஜாரு. ஊருக்கு மேற்கே கம்பெனி மேல் கம்பெனியாக வந்து, ஒவ்வொருவரும் அவரவர் இடத்தைச் சுற்றிக் காம்பவுண்ட் எழுப்பியிருக்கிறார்கள். முன்பு வயல் வழியாகப் பரவி ஏரிக்குப் போன மழைத் தண்ணீர் இப்போது சுவரில் முட்டி, திரும்பி, நேராக நம் தெருவுக்கு வருகிறது. ஐப்பசி பிறந்தால் பக்கத்து வீட்டு முத்தம்மாள் கேஸ் சிலிண்டரைக் கட்டில் மேல் ஏற்றி, அதன் பக்கத்தில் தானும் ஏறி உட்கார்ந்துகொண்டு, அங்கிருந்தே தெருவுக்கெல்லாம் கேட்கிற மாதிரி கம்பெனிக்காரர்களைத் திட்டுவாள். கடைசி வருஷம் ஒரு இடத்தை எடுத்துக்கொண்டு முழுசாகத் திட்டம் போட வேண்டும் என்று காலேஜில் சொன்னார்களாம். கூடப் படித்தவர்கள் ஏர்போர்ட், கடற்கரை, ஊட்டி என்று நல்ல நல்ல இடமாக எடுத்துக்கொண்டார்கள். என் மகள் நம் ஊரை எடுத்துக்கொண்டாள்.

பங்குனி வெயிலில், அறுவடை முடிந்து வயல் காய்ந்து கிடந்தபோது, தன் சிநேகிதி ஷைனியை அழைத்துக்கொண்டு வந்து இறங்கினாள். கையில் மூன்று கால் வைத்த அளக்கிற கருவி, முதுகில் ஒரு கட்டு மூங்கில் குச்சி. ஒவ்வொரு குச்சிக்கும் தலையில் ரிப்பன். மேட்டுக்குச் சிவப்பு, நடுத்தரத்துக்கு மஞ்சள், பள்ளத்துக்கு நீலம். ஊர் முழுக்க நட்டு, எது மேடு எது பள்ளம் என்று அளந்தார்கள். நல்ல காரியம்தான். ஆனால் நம் பக்கத்தில் நிலத்தில் குச்சி நட்டு ரிப்பன் கட்டினால் அதற்கு என்ன அர்த்தம் என்று உனக்குத் தெரியாதா? ஒன்று, பிளாட் போடுகிறான். நாளைக்கு வெள்ளைக் கல் வரும், அப்புறம் வளைவு வரும், இலவச வேனும் மத்தியானம் பிரியாணியும் வரும். இல்லை என்றால் கம்பெனிக்காக எடுக்கிறான். நாளைக்கு நோட்டீஸ் வரும், அப்புறம் சுவர் வரும். தண்ணீர் எங்கே போகிறது என்று பார்க்கத்தான் குச்சி என்றால் நம் ஊரில் கைக்குழந்தைகூட நம்பாது.

டீ ஆறுவதற்குள் டீக்கடையில் நகருக்குப் பெயர் வைத்துவிட்டார்கள். பூமிகா நகர். என் முகத்துக்கு நேராகவே ஒருவர், "கிழக்கு பாத்த கார்னர் மனை ஒண்ணு நம்மளுக்கு எடுத்து வெச்சிடுண்ணே" என்றார். அப்படி எதுவும் இல்லையப்பா என்றேன். "சொந்தக்காரன்கிட்டயே மறைக்கறியே, இதெல்லாம் நாயமா?" என்று கோபித்துக்கொண்டு, குடித்த டீக்கு என் பெயரைச் சொல்லிவிட்டுப் போனார்.

இது ஒரு கட்சி. இன்னொரு கட்சி, ரிப்பன் கட்டிய நிலம் கம்பெனிக்குப் போகப் போகிறது என்று முடிவு கட்டியது. அதன் பிறகு நடந்ததை நினைத்தால் சிரிப்பதா அழுவதா என்று தெரியவில்லை. நம் ஊர் ஜனங்கள் நல்லவர்கள், ஒரு குச்சியைக்கூட ஒடித்துப் போடவில்லை, திருடவில்லை. பெண் குழந்தை வெயிலில் நின்று நட்டது அல்லவா? மரியாதையாகப் பிடுங்கி, ரிப்பன் கசங்காமல், பக்கத்துக்காரன் நிலத்தில் நட்டார்கள். பக்கத்துக்காரன் அதற்கு அடுத்தவன் நிலத்தில் நட்டான். பூமிகாவும் ஷைனியும் தினமும் போய் அளந்து எழுதினால் முந்தின நாள் கணக்குக்கும் இன்றைய கணக்குக்கும் ஏணி வைத்தாலும் எட்டவில்லை. நேற்று மேடாக இருந்த இடம் இன்று பள்ளம். ஊரே சாய்ந்துகொண்டிருக்கிறது என்று ஷைனி பயந்துபோய் வாத்தியாருக்குப் போன் போட்டாள். குச்சிகள் வரப்பு வரப்பாகத் தாண்டி வந்து கடைசியில் நம் பள்ளக் கழனியில் நின்றுவிட்டன. அதைத் தாண்டினால் ஏரிக்கரை, அங்கே பிடுங்கி நட யாரும் இல்லை. ஊர்க் குச்சி அத்தனையும் நம் கழனியில், ரிப்பன் பறக்க, தேர்த்திருவிழா மாதிரி இருந்தது.

இதைப் பார்த்துவிட்டு நில புரோக்கர் தணிகைவேல் வந்து சேர்ந்தான். வெள்ளைச் சட்டை, கூலிங் கிளாஸ், கையில் ரோஜா மாலை. வரப்பில் நின்றுகொண்டிருந்த என் கழுத்தில் கேட்காமல் மாலையைப் போட்டுவிட்டு, "அண்ணே, நீ ஒண்ணும் பேசவே வேணாம். உம்முன்னு ஒரு வார்த்தை சொல்லு, டப்பு ஊடு தேடி வரும்" என்றான். போட்ட மாலையை அப்படியே பிடுங்கி எறிய முடியுமா, மனுஷன் மனசு என்ன ஆகும்? கழற்றலாம் என்று கையைத் தூக்கினேன், மாலைக்குள் இருந்த எறும்பு ஒன்று கழுத்தில் ஊர்ந்தது, கூச்சத்தில் பல்லெல்லாம் தெரியச் சிரித்துவிட்டேன். காட்டுப்பள்ளித் துறைமுகத்தில் வேலை பார்க்கும் உன் சீமந்த புத்திரன் வசந்தகுமார், லீவுக்கு மாமன் வீட்டைப் பார்க்க வந்தவன், ரோட்டில் வண்டியை நிறுத்தி, சரியாக அந்த நேரத்தில் போட்டோ எடுத்தான். வீட்டுக்கு வந்து ஒரு வாய் நாஷ்டா சாப்பிட்டானா, என்ன மாமா இது என்று கேட்டானா? வண்டியைத் திருப்பிக்கொண்டு போய்விட்டான். உனக்கு வந்த போட்டோ அதுதான். குச்சி ஊராருடையது, மாலை தணிகைவேலுடையது, சிரிப்பு எறும்புடையது. அதில் என்னுடையது என் மூஞ்சி மட்டும்தான்.

அதோடு போயிருக்கக் கூடாதா? சித்திரையில் பூமிகா நம் கூடத்தில் உட்கார்ந்து ஊரையே மாடலாகச் செய்தாள். அட்டை மேல் அட்டையாக ஒட்டி, மேட்டுக்கு அதிக அட்டை, பள்ளத்துக்குக் குறைந்த அட்டை. மரத்துக்கெல்லாம் பாத்திரம் தேய்க்கிற பச்சை நார். உன் தம்பி பெண்டாட்டி நார் இல்லாமல் அந்த மாதம் முழுக்கச் சாம்பல் போட்டுத் தேய்த்தாள், அவள் திட்டியதை இங்கே எழுதினால் தபாலில் சேர்க்க மாட்டார்கள். மாடலைப் பார்க்க வந்த முத்தம்மாள் சுற்றிச் சுற்றித் தேடினாள். "இன்னாமே பூமிகா, ஏரி கீது, வாய்க்கா கீது, எங்க ஊட்ட எங்க காணோம்?" என்றாள். "இது நெலம் எப்டி சாஞ்சிக்கினு கீதுன்னு காட்டறதுக்கு அத்தே. அதுக்கு ஊடு வேணாம்" என்றாள் இவள். அவ்வளவுதான். தெருவையே இடிக்கப் போகிறார்கள் என்று முத்தம்மாள் அலறிய அலறலில், வேலைக்குப் போனவர்கள் ஷிப்டை விட்டு ஓடி வந்தார்கள்.

வேறு வழியில்லாமல் பூமிகா தீப்பெட்டி வெட்டி ஒவ்வொரு வீடாகச் செய்து வைத்தாள். அதற்கும் ஆயிரம் நொட்டைச் சொல். ஒருவர் தன் வீட்டுக்குப் பச்சை பெயின்ட் அடிக்கச் சொன்னார். இன்னொருவர் தம்பி வீடு தன் வீட்டைவிட உயரமாக இருக்கிறது என்று ஸ்கேல் வைத்துப் பார்த்தார். முத்தம்மாள், "எங்க ஊட்ட மாடியோட வையி. அடுத்த தை வந்தா மாடி எடுக்கறோம்" என்று நின்று சாதித்துவிட்டாள். இப்போது அந்த மாடலில் முத்தம்மாளுக்கு மாடி வீடு. அவள் போவோர் வருவோரை எல்லாம் அழைத்து வந்து காட்டிவிட்டுப் போவாள்.

வைகாசியில் அதைச் சென்னைக்குக் கொண்டுபோக வேண்டும். ஆட்டோவில் நுழையவில்லை, பஸ்ஸில் ஏற்ற மாட்டேன் என்றார்கள். கும்மிடிப்பூண்டியில் மின்சார ரயில் ஏறி, நானும் அவளும் எதிரெதிரே உட்கார்ந்து, நம் ஊரை மடியில் வைத்துக்கொண்டு போனோம். பொன்னேரி தாண்டுவதற்குள் நான்கு பேர் சென்ட் என்ன விலை என்று கேட்டுவிட்டார்கள். ஒருவர் லோன் கிடைக்குமா என்றார். மீன் கூடைக்காரம்மா ஒருவர் மட்டும் வெகுநேரம் பார்த்துவிட்டு, "கொலு பொம்மையாம்மா? கொலுக்கு இன்னும் நாள் கீதே" என்றார். காலேஜில் எட்வர்ட் என்று ஒரு பெரிய வாத்தியாரும் வெளியில் இருந்து வந்த இன்னும் சிலரும் உட்கார்ந்து கேள்வி கேட்டார்கள். ஜூரி என்று பெயர். நான் வராந்தாவில் உட்கார்ந்திருந்தேன். கதவு மூடியிருந்ததால் ஒன்றும் காதில் விழவில்லை. கண்ணாடி வழியாக அவள் கையை நீட்டி நீட்டிப் பேசுவது மட்டும் தெரிந்தது. பேசும்போது உன்னை மாதிரியே ஒரு கையை இடுப்பில் வைத்துக்கொள்கிறாள் அக்கா. எனக்கு என்னவோ கண் கலங்கிவிட்டது.

தேறிவிட்டாள். குச்சியெல்லாம் பிடுங்கிக் கட்டு கட்டிப் பரணில் போட்டாயிற்று. ஆக, நடந்தது இவ்வளவுதான்: அட்டை, நார், தீப்பெட்டி, ரிப்பன். எல்லாம் காகிதத்தோடு முடிந்துபோன விஷயம். யாரும் எதையும் விற்கவில்லை, வாங்கவில்லை, தோண்டவில்லை. இதற்காகவா கூடப் பிறந்தவனை ராங் நம்பர் ஆக்கினாய்? நீ பேசாத இந்த மாதங்களில் நல்லது கெட்டது எதையும் சொல்ல ஆள் இல்லாமல் நான் தவித்தது எனக்குத்தான் தெரியும்.

மாமாவுக்கு என் வணக்கம். அவர் முட்டிக்குத் தைலம் வாங்கி வைத்திருக்கிறேன் என்று சொல். வசந்தகுமாருக்கு ஆசீர்வாதம், அடுத்த முறை வண்டியை விட்டு இறங்கி வந்து போட்டோ எடுக்கச் சொல். புடவையை மறுபடியும் அனுப்புகிறேன். பிரித்தாவது பார். உன் வாயால் ஒரு திட்டு கேட்டாலும் போதும் என்று காத்திருக்கும்,

உன் தம்பி,
துளசிராமன்.

பின்குறிப்பு: கடிதத்தை ஒட்டப் போனேன். உன் தம்பி பெண்டாட்டி வந்து, "எல்லாத்தையும் எழுதினீங்களே, அத எழுதினீங்களா?" என்றாள். எழுதவில்லை. எழுதிவிடுகிறேன். மேலே கற்பூரத்தைத் தொட்டு, ஒரு பிடி மண்ணும் இடம் மாறாது என்று ஒரு வரி எழுதினேன் அல்லவா, அதை மட்டும் அடித்துவிட்டுப் படித்துக்கொள்.

காலேஜில் இருந்து திரும்பி வரும்போது ரயிலில் பூமிகா மாடலில் நம் கழனி இருந்த இடத்தையே விரலால் தடவிக்கொண்டு வந்தாள். என்னம்மா என்றேன். தெருவுக்கு வருகிற தண்ணீரை எல்லாம் வாய்க்கால் வெட்டித் திருப்பி, ஒரு இடத்தில் குளமாகத் தேக்கி, மிஞ்சினதை ஏரிக்கு விடுவதாகத் திட்டம் போட்டிருக்கிறாள். அந்தக் குளம் நம் பள்ளக் கழனி. குச்சிகள் அங்கே வந்து சேர்ந்தது ஊரார் செய்த வேலை, ஆனால் திரும்ப நட்டு ஒழுங்காக அளந்தபோதும் தண்ணீர் அங்கேதான் வந்து சேர்ந்ததாம். எட்வர்ட் சார், இது யார் நிலம் என்று கேட்டிருக்கிறார். எங்க நைனாவோடது என்றாளாம். அவர் சம்மதித்தாரா என்றாராம். "இன்னும் கேக்கல சார்" என்றிருக்கிறாள். அதற்கு மார்க்கைக் குறைத்துவிட்டார்கள். "அடிப்பாவி, வராந்தாவுலதான குந்திக்கினு இருந்தேன், ஒரு குரல் குடுத்திருந்தா வந்து தலைய ஆட்டியிருப்பேனே" என்றேன். "மார்க்குக்கு ஆட்டற தலை வேணாம் நைனா. அப்பால நெசமாவே கேக்கறேன், அப்ப சொல்லு" என்றாள். ஆடியில் நெசமாகவே கேட்டாள்.

எனக்குக் கோபம்தான் வந்தது. சில நாள் அவளோடு பேசவில்லை, பேசாமல் இருப்பது நம் குடும்பத்து வழக்கம்தானே. பிறகு யோசித்துப் பார்த்தேன். அந்தக் கழனியில் நமக்கு நெல் விளைந்ததைவிட விரால் விளைந்ததுதான் அதிகம். அது தண்ணீருடைய இடம். நாம்தான் ஒவ்வொரு வருஷமும் நாற்றைக் கொண்டுபோய் அதோடு மல்லுக்கு நிற்கிறோம். இங்கே கொஞ்சம் மண்ணை எடுத்துக் கரை போட்டால் தெருவில் யாரும் கட்டில் மேல் ஏறிக் குந்த வேண்டாம் என்கிறாள். அளந்து பார்த்துச் சொல்கிறாள், நான் நம்புகிறேன்.

சரி தோண்டு என்று சொல்லிவிட்டேன். பஞ்சாயத்தில் கேட்டால், உன் பெயரும் என் பெயரும் சேர்ந்த கூட்டுப் பட்டா, அக்கா கையெழுத்து இல்லாமல் மண்ணைத் தொடாதே என்கிறார்கள். நிலம் எங்கும் போகாது, நம் பெயரிலேயே இருக்கும், நெல்லுக்குப் பதிலாகத் தண்ணீர் நிற்கும், அவ்வளவுதான். காகிதத்தை இத்துடன் வைத்திருக்கிறேன். அவசரம் ஒன்றும் இல்லை. வெள்ளிக்கிழமை ஜேசிபி வருகிறது, அதற்குள் கையெழுத்துப் போட்டு அனுப்பினால் போதும். உனக்குச் சம்மதம் இல்லை என்றால் ஜேசிபிக்காரரிடம் நான் சொல்லிக்கொள்கிறேன். பூமிகாவிடம் மட்டும் நீயே நேரில் வந்து சொல்லிவிடு அக்கா. படித்து முடித்த பெண் முதன்முதலாகக் கேட்ட இடம் நம் இடம். வேண்டாம் என்று சொல்ல நான் இரண்டு தடவை அவளிடம் போனேன். இரண்டு தடவையும் "சாப்டியா கண்ணு?" என்று கேட்டுவிட்டுத் திரும்பி வந்துவிட்டேன்.